ஐ-80 சாலையில் ஹாக்கைஸ் ஆட்டம் கேட்பது எப்படி?

முதலில் நீங்கள் கேட்டதை எனக்குப் புரிந்தபடி சொல்லிவிடுகிறேன். ஐயோவா சிட்டியில் எம்.எஸ். படித்தவர் நீங்கள்; இப்போது ஒமாஹாவில் வேலை. மனைவி டெஸ் மாய்னில் மருத்துவ ரெசிடென்சியில் இருப்பதால் சனிக்கிழமைதோறும் ஐ-80இல் இரண்டு மணி நேரம் கார் ஓட்டுகிறீர்கள். ஐயோவா பல்கலைக்கழக அணியான ஹாக்கைஸின் அமெரிக்க ஃபுட்பால் ஆட்டமும் அந்த நேரத்தில்தான் வந்து நிற்கிறது. டியூன்இன் ஆப்பில் தேடி ஒரு நிலையத்தைப் போட்டால், ஆட்டம் நடக்கும்போது அதில் யாரோ வீட்டுக்கடன் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறார்கள். வேறொரு ஆப்பில் ஆட்டம் கிடைத்தது, ஆனால் நண்பர்கள் குழுவில் ‘டச்டவுன்’ என்று செய்தி வந்து ஒரு நிமிடம் கழித்துத்தான் உங்கள் காதில் டச்டவுன் விழுகிறது. திருச்சியில் இருக்கும் தம்பியும் கேட்க ஆசைப்படுகிறார். கடைசியில் ‘எந்த ஆப் நல்லது?’ என்று முடித்திருக்கிறீர்கள். ஆப்பின் பெயரை மட்டும் சொன்னால் அடுத்த சனிக்கிழமையே வேறொரு சிக்கலோடு திரும்பி வருவீர்கள். இந்த ஒலி யாருடைய சொத்து, அது எந்தப் பாதையில் உங்கள் காருக்கு வருகிறது என்பது தெரிந்துவிட்டால் ஆப் தானாகவே முடிவாகிவிடும்.

நான் இதைச் சொல்ல என்ன தகுதி என்றால், படிப்பு எலெக்ட்ரானிக்ஸ், கையில் அமெச்சூர் ரேடியோ லைசென்ஸ். வேலைக்கு வந்து சில வருடங்கள் ஆன பிறகு, நான் இருந்த சின்ன ஊரின் ஏ.எம். நிலையத்தில் மூன்று சீசன் சனிக்கிழமைகளில் போர்டு ஆபரேட்டராக உட்கார்ந்திருக்கிறேன். மைதானத்திலிருந்து வரும் நேர்முக வர்ணனைக்கு நடுவே உள்ளூர் விளம்பரங்களைச் செருகும் வேலை அது. பெரிய பதவி ஒன்றுமில்லை. ஆனால் இந்த ஒலி எங்கிருந்து வந்து எங்கே போகிறது என்பதைக் கையால் தொட்டுப் பார்த்த இடம் அதுதான்.

அடிப்படையான சங்கதி இதுதான். கல்லூரி ஃபுட்பாலில் டிவி உரிமை, பல பல்கலைக்கழக அணிகள் சேர்ந்த கூட்டமைப்பான கான்ஃபரன்ஸோடு போகும். வானொலி உரிமை பல்கலைக்கழகத்தோடு போகும். ஐயோவா இருக்கும் பிக் டென் கான்ஃபரன்ஸின் ஆட்டம் ஒன்று இந்த வாரம் ஃபாக்ஸில் வரலாம், அடுத்த வாரம் என்.பி.சி.யில் வரலாம். வானொலியில் அந்தக் குழப்பமே கிடையாது. ஐயோவா எந்த ஊரில் யாரோடு ஆடினாலும், எந்த டிவி காட்டினாலும், ஐயோவாவின் வானொலி நெட்வொர்க் தன் சொந்த வர்ணனையாளர்களை அனுப்பி எல்லா ஆட்டத்தையும் ஒலிபரப்பும். எதிரணியும் தன் ஆட்களை அனுப்பும். அதாவது ஒவ்வொரு ஆட்டத்துக்கும் குறைந்தது இரண்டு வர்ணனைகள் உண்டு. இரண்டும் பக்கச்சார்பானவை, இரண்டும் அதை மறைப்பதில்லை. அதனால் தேடும்போது டிவி சேனல் பெயரைப் போட்டுத் தேடாதீர்கள், ‘காலேஜ் ஃபுட்பால்’ என்றும் தேடாதீர்கள். அணியின் பெயரைப் போட்டுத் தேடுங்கள். வெறுமனே ‘ஃபுட்பால் லைவ்’ என்று போட்டால் இங்கிலாந்து கால்பந்து வந்து நிற்கும், இல்லையென்றால் வீடியோ கேமை ஓடவிட்டு நேரலை என்று ஏமாற்றும் யூடியூப் சேனல் வந்து நிற்கும்.

இந்த ஏற்பாட்டுக்கு நூறு வயதாகிறது. பிட்ஸ்பர்க்கின் கே.டி.கே.ஏ. நிலையம் 1921 அக்டோபர் 8 அன்று பிட்ஸ்பர்க் – மேற்கு வர்ஜீனியா ஆட்டத்தை நேரடியாக ஒலிபரப்பியது. வர்ணித்தவர் ஹெரால்ட் ஆர்லின். உங்கள் ஐயோவாவுக்கும் இதில் ஒரு கதை உண்டு. 1932இல் வேலை தேடி டேவன்போர்ட் நகரின் டபிள்யூ.ஓ.சி. நிலையத்துக்கு ஓர் இளைஞர் வந்தார். ‘ஓர் ஆட்டத்தை என் கண் முன்னால் கொண்டுவந்து காட்டு’ என்கிற மாதிரிக் கேட்டிருக்கிறார்கள். தன் கல்லூரிக்காகத் தானே ஆடிய ஒரு மேட்சின் கடைசிக் கால்பகுதியை நினைவிலிருந்து எடுத்து, ஆளில்லாத அறையில் மைக் முன்னால் நின்று விவரித்தார். ஐயோவாவின் ஆட்டங்களை வர்ணிக்கும் வேலை கிடைத்தது. அங்கிருந்து டெஸ் மாய்னின் டபிள்யூ.எச்.ஓ. நிலையத்துக்குப் போனார். பெயர் ரொனால்ட் ரேகன்; பிற்பாடு என்ன வேலைக்குப் போனார் என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை.

அந்தக் காலத்தில் ஒரே ஆட்டத்தை ஐயோவாவின் வெவ்வேறு நிலையங்கள் தத்தம் ஆட்களை வைத்து ஒலிபரப்பின. டபிள்யூ.எச்.ஓ.வில் ஜிம் ஜேபல், சீடர் ராப்பிட்ஸின் டபிள்யூ.எம்.டி.யில் வேறொருவர் என்று, எந்தக் குரல் பிடிக்கிறதோ அந்த எண்ணுக்கு முள்ளைத் திருப்பிக்கொள்ளலாம். 1996இல் அது முடிந்தது. உரிமை ஒரே நெட்வொர்க்குக்குப் போய், கேரி டால்ஃபின் அதன் குரல் ஆனார். அப்போதிருந்து நிலையங்கள் பல, வர்ணனை ஒன்று. ஜேபல் காலத்து ஆட்கள் இதை இன்னும் மன்னிக்கவில்லை.

இப்படி உரிமையை மொத்தமாக வாங்கி நடத்தும் நிறுவனங்களில் மிகப் பெரியது லெர்ஃபீல்டு. 1970களில் மிசூரி மாநிலத்தில் விவசாயச் செய்தி நெட்வொர்க்காக ஆரம்பித்தது. இன்று பல பெரிய பல்கலைக்கழகங்களின் வானொலியை நடத்துகிறது. இவர்கள் 2021இல் ‘தி வார்சிட்டி நெட்வொர்க்’ என்று ஒரு ஆப் விட்டார்கள். இலவசம். தங்கள் கையிலுள்ள அணிகளின் வர்ணனைகளை அங்கே ஒரே இடத்தில் வைத்திருக்கிறார்கள். ஐயோவாவும் அதில் உண்டு. உங்கள் ‘எந்த ஆப்’ கேள்விக்கு நேரடி பதில் வேண்டுமென்றால் இதுதான். அணியைத் தேர்ந்தெடுத்து வைத்துவிட்டால் ஆட்ட நேரத்தில் அதுவே மேலே வந்து நிற்கும். ஆனால் இது எல்லா அணிக்கும் பொருந்தாது. வேறு நிறுவனத்தோடு ஒப்பந்தம் போட்ட பல்கலைக்கழகங்கள் தங்கள் சொந்த ஆப்பிலோ இணையதளத்திலோ தருகின்றன. ஒப்பந்தங்கள் கைமாறிக்கொண்டும் இருக்கும். அதனால் ஒவ்வோர் ஆகஸ்டிலும், சீசன் தொடங்கும் முன், பல்கலைக்கழக விளையாட்டுத் துறையின் இணையதளத்தில் வானொலி நிலையங்களின் பட்டியலை ஒரு தடவை பாருங்கள். ஊர்வாரியாக நிலையத்தின் பெயரும் அலைவரிசை எண்ணும் இருக்கும். வேறு எந்த இடத்திலும், என் பதில் உட்பட, உள்ள தகவலை விட அதையே நம்புங்கள்.

அப்புறம், அந்த வீட்டுக்கடன் விஷயம். உங்கள் ஆப் கெட்டுப்போகவில்லை. ஒரு நிலையம் வான்வழி ஒலிபரப்ப வாங்கும் உரிமையும் இணையத்தில் விடும் உரிமையும் ஒன்றல்ல. சில நிலையங்களுக்கு முதலாவது மட்டுமே கையில் இருக்கும். ஆட்டம் தொடங்கியதும் கோபுரத்திலிருந்து ஆட்டம் போகும். இணைய ஓடையில் (ஸ்ட்ரீமில்) பழைய பேச்சு நிகழ்ச்சியைப் போட்டு நிரப்புவார்கள். தொழில்முறை லீகான என்.எஃப்.எல்.லில் இந்தக் கெடுபிடி கடுமை. கல்லூரி ஆட்டத்தில் அவ்வளவு இல்லை, ஆனால் நிலையத்துக்கு நிலையம் மாறும். எனவே ஒரு நிலையத்தின் ஓடையில் ஆட்டம் வரவில்லை என்றால் பட்டியலில் அடுத்த ஊரின் நிலையத்தைப் போட்டுப் பாருங்கள். வர்ணனை ஒன்றுதான், விளம்பரம் மட்டும்தான் மாறும். உரக்கடைக்குப் பதில் டிராக்டர் கடை.

சரி, உங்கள் காருக்கு வருவோம். ஆப்பையெல்லாம் மறந்துவிட்டு டாஷ்போர்டில் ஏ.எம். 1040 போட்டுப் பார்த்தீர்களா? ரேகன் போய்ச் சேர்ந்த அதே டபிள்யூ.எச்.ஓ.தான். 50,000 வாட், அமெரிக்காவில் ஏ.எம். நிலையத்துக்கு அனுமதிக்கப்படும் உச்ச வரம்பு அது. ஹாக்கைஸ் ஆட்டங்களை நெடுங்காலமாகத் தந்துவரும் நிலையம். கோபுரம் டெஸ் மாய்னுக்குக் கிழக்கே மிட்செல்வில் பக்கம் இருக்கிறது. பகலில் ஏ.எம். அலை தரையை ஒட்டிப் போகும். தரை எவ்வளவு நன்றாக மின்சாரம் கடத்துகிறதோ அவ்வளவு தூரம் போகும். ஐயோவாவின் கரிய, ஈரமான புல்வெளி மண் இதற்குக் கொடுத்துவைத்தது. நியூ இங்கிலாந்தின் பாறை நிலத்தில் இதே 50,000 வாட் பாதி தூரத்தில் மூச்சு வாங்கும். (உப்புத் தண்ணீர் மண்ணை விடவும் நல்ல கடத்தி. இலங்கை வானொலி நம் கரையோர ஊர்களில் அத்தனை தெளிவாகக் கேட்டதில் கடலுக்கும் பங்குண்டு.) பதினொரு மணி ஆட்டமென்றால் ஒமாஹாவில் சாவியைத் திருப்பியதிலிருந்து டெஸ் மாய்ன் போய் இறங்கும்வரை ஆப்பும் டேட்டாவும் இல்லாமலே ஆட்டம் விடாமல் கேட்கும் என்று நான் தயங்காமல் சொல்வேன். உயர் மின்னழுத்தக் கம்பிகளுக்குக் கீழே போகும்போது மட்டும் ‘உர்ர்’ என்று ஓர் இரைச்சல் வந்து போகும்.

மாலை ஆட்டத்துக்கு அவ்வளவு உறுதி தர மாட்டேன். சூரியன் மறைந்ததும் அயனி மண்டலத்தின் கீழடுக்கு கரைந்துபோகிறது. பகலெல்லாம் ஏ.எம். அலையை விழுங்கிக்கொண்டிருந்த அடுக்கு அது. அது போனதும் மேலடுக்கில் பட்டுத் திரும்பும் அலை பல நூறு மைல் தாண்டி இறங்கும். இரவில் டபிள்யூ.எச்.ஓ.வை டெக்சாஸிலும் கொலராடோவிலும் பிடிப்பது அப்படித்தான். கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் உங்களுக்கு அதில் ஒரு வம்பு காத்திருக்கிறது. தரை வழியாக வரும் அலையும் வானத்திலிருந்து திரும்பும் அலையும் ஏறக்குறைய சம பலத்தில் சந்திக்கும் ஒரு வளையம் உண்டு. அங்கே இரண்டும் ஒன்றையொன்று அடித்துக்கொள்ளும். குரல் வீங்கும், தேயும், தகரக் குழாய்க்குள் பேசுவது போல் ஆகும். 50,000 வாட் நிலையத்துக்கு நூறு, நூற்றைம்பது மைல் தொலைவில் இது நடப்பது வழக்கம். ஒமாஹா அந்தத் தூரத்தில்தான் உட்கார்ந்திருக்கிறது. நவம்பரில் கடிகாரத்தைப் பின்னுக்குத் தள்ளிய பிறகு ஐந்து மணிக்கே இருட்டிவிடும். இரண்டரை மணி ஆட்டத்தின் இரண்டாம் பாதி அப்படியே அந்தி நேரத்தில் போய் மாட்டும். அப்போது 1040 மங்கினால் ரேடியோவைத் தட்டாதீர்கள். வழியில் வரும் அட்லாண்டிக், ஸ்டுவர்ட் ஊர்கள் பக்கம் வந்ததும் தானாகத் தெளியும். பொறுமையில்லை என்றால் அந்த ஒரு மணி நேரத்துக்கு மட்டும் ஆப்புக்கு மாறிக்கொள்ளுங்கள்.

மின்சாரக் கார் என்றால் இந்த இரண்டு பத்தியும் உங்களுக்கு உதவாமல் போகலாம். மோட்டாரும் இன்வெர்ட்டரும் கிளப்பும் மின்னிரைச்சல் ஏ.எம். அலைவரிசையில் வந்து விழுவதால் பல மின்கார்களில் ஏ.எம். ரேடியோவே வைப்பதில்லை. 2023இல் ஃபோர்டு நிறுவனம் புதிய கார்களில் ஏ.எம்.மை எடுக்கப்போவதாகச் சொல்லி, எதிர்ப்பு கிளம்பியதும் பின்வாங்கியது. எதிர்த்தவர்களில் விவசாயிகளும் உண்டு. ஏன் என்று எனக்கு நன்றாகப் புரிந்தது. அக்டோபர் சனிக்கிழமை என்றால் சோள அறுவடை. அறுவடை இயந்திரத்தின் கேபினில் பன்னிரண்டு மணி நேரம் தனியாக உட்கார்ந்திருப்பவருக்குத் துணை அந்த ஏ.எம். குரல்தான்.

அந்த ஆட்களோடு எனக்கு ஒரு பழைய கணக்கு இருக்கிறது. போர்டு ஆபரேட்டர் வேலை எப்படி என்றால், மைதானத்து வர்ணனையாளர் இடைவேளைக்குப் போகும் முன் நெட்வொர்க்கின் பெயரோடு ஒரு நிலையான வாக்கியம் சொல்வார். அந்த வாக்கியம் முடிந்த நொடியில் நான் பொத்தானை அமுக்க வேண்டும். அறுபது நொடிக்கு உள்ளூர் விளம்பரம் ஓடும். முடிந்ததும் மைதானம் திரும்பி வரும். என் இரண்டாவது சீசனில் ஒரு நாள், காப்பிக் கோப்பையை வலது கையில் வைத்துக்கொண்டு இடது கையால் பட்டியலை மாற்றினேன். அறுபது நொடி விதைச்சோள விளம்பரத்துக்குப் பின்னால் இன்னொரு அறுபது நொடி விளம்பரமும் ஒட்டிக்கொண்டதை நான் பார்க்கவில்லை. ஹெட்ஃபோனில் கூட்டம் கத்துகிறது, என் நிலையத்திலிருந்து ‘பூச்சி எதிர்ப்பு’ என்று போய்க்கொண்டிருக்கிறது. எதிரணி உதைத்த கிக்ஆஃபை நம் ஆள் பிடித்து மைதானம் முழுக்க ஓடி டச்டவுன் போட்டுவிட்டார். எங்கள் கவுண்டியில் ஒருவருக்கும் தெரியாது. நான் பதறி வெட்டித் திரும்பியபோது கூடுதல் புள்ளிக்கான உதை முடிந்திருந்தது. தொலைபேசியின் எல்லா விளக்கும் ஒரே நேரத்தில் எரிந்ததை அன்றுதான் பார்த்தேன். முதல் அழைப்பில் ஒருவர், பின்னால் இயந்திரம் உறுமிக்கொண்டிருக்க, கோபமே இல்லாமல் கேட்டார்: “தம்பி, ஸ்கோர் மட்டும் சொல்லிடறியா?”

தாமதத்தைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். இதில் நிச்சயமானது எது, ஊகம் எது என்று பிரித்துவிடலாம். பழைய பாணி ஏ.எம்., எஃப்.எம். ஒலி மைதானத்திலிருந்து செயற்கைக்கோள் வழியாக நிலையத்துக்கு வந்தால், ஒரு தடவை மேலே போய்க் கீழே வர ஏறத்தாழ கால் நொடி. 35,786 கிலோமீட்டர் உயரம், போகவர அவ்வளவுதான் ஆகும். கருவிகளில் கொஞ்சம் கூடும். மொத்தத்தில் ஓரிரு நொடிக்குள் உங்கள் காதில் இருக்கும். டிவி அதற்குப் பிறகுதான் வரும். இணைய ஓடை எல்லாவற்றுக்கும் பின்னால். காரணம், ஒலியைச் சில நொடித் துண்டுகளாக வெட்டி, அனுப்பி, உங்கள் போன் இரண்டு மூன்று துண்டுகளைச் சேர்த்துவைத்துக்கொண்டுதான் வாயைத் திறக்கிறது. சாலையில் சிக்னல் விட்டு விட்டு வந்தாலும் பாட்டு அறுந்துபோகாமல் இருப்பதற்குக் கொடுக்கும் விலை அது. அரை நிமிடத்திலிருந்து ஒரு நிமிடம் என்பது சகஜம். எந்த ஆப்பில் எத்தனை நொடி என்று அடித்துச் சொல்ல முடியாது; ஒரே ஆப்பில் இன்றும் நாளையும் மாறும். ஒரு சின்ன உபாயம் உண்டு: இடையில் சிக்னல் போய் வந்திருந்தால் பின்தங்கல் ஏறியிருக்கும். நிறுத்தி மறுபடி தொடங்கினால் கொஞ்சம் முன்னேறும். நண்பர்கள் குழுவை மியூட்டில் போடுவது அதைவிட நல்ல உபாயம்.

பலருக்குத் தெரியாத இன்னொரு தாமதம் எச்.டி. ரேடியோ, அதாவது சாதாரண ஒலியோடு சேர்த்தே டிஜிட்டலாகவும் ஒலிபரப்பும் முறை. டிஜிட்டல் ஒலியைச் சுருக்கி விரிக்க நேரம் ஆவதால், அதோடு ஒத்துப்போக வேண்டும் என்று நிலையங்கள் தங்கள் சாதாரண எஃப்.எம். ஒலியையும் எட்டு நொடி போலப் பின்தள்ளி வைக்கின்றன. வீட்டில் கேட்பவருக்கு இது தெரியவே தெரியாது. மைதானத்திலேயே உட்கார்ந்து காதில் சின்ன ரேடியோ வைத்திருப்பவருக்குப் பைத்தியம் பிடிக்கும்: கண் முன்னால் பந்து விழுந்து, எல்லாரும் எழுந்து, உட்கார்ந்த பிறகு காதில் ‘வீசுகிறார்’ என்று வரும். அதனால் ஆட்ட நாளில் மட்டும் இந்தத் தாமதத்தை எடுத்துவிட ஒரு வசதி உண்டு. நிலையங்களில் அதற்குப் பெயரே ‘பால்கேம் மோட்’. எல்லா நிலையமும் நினைவாகப் போடுவதில்லை. அடுத்த தடவை ஹாக்கைஸின் சொந்த மைதானமான கின்னிக் ஸ்டேடியத்துக்குப் போகும்போது பாக்கெட் ரேடியோவில் அருகிலுள்ள நிலையங்களை ஒவ்வொன்றாகப் போட்டு, வீரர் பந்தை உதைக்கும் காட்சியும் காதில் விழும் ‘தும்’மும் எதில் ஒன்றாக வருகிறதோ அதில் நின்றுவிடுங்கள். பெரும்பாலும் அது ஏ.எம்.மாக இருக்கும்.

வீட்டில் டிவியை ஊமையாக்கிவிட்டு ஹாக்கைஸ் வர்ணனையை மட்டும் கேட்க வேண்டும் என்பவர்களுக்கும் அதே உதைதான் அளவுகோல். ஆப்பின் ஒலி டிவிக்குப் பின்னால் வந்தால் வேலை சுலபம்: கிக்ஆஃபில் கால் பந்தைத் தொடும் நொடியில் டிவியை நிறுத்துங்கள், காதில் கிக்ஆஃப் கேட்டதும் ஓடவிடுங்கள். ரேடியோ டிவிக்கு முன்னால் வந்தால் ரேடியோவைப் பின்தள்ள வேண்டும். அதற்குக் கருவிகள் இருக்கின்றன, ஆனால் அந்த நிலைமையில் ரேடியோவை விட்டு ஆப்புக்குப் போவதே மலிவு என்பது என் கட்சி. மேசை ரேடியோ வைத்திருந்தால் எல்.இ.டி. விளக்கு, போன் சார்ஜர் பக்கத்தில் வைக்காதீர்கள். ஜன்னலோரம் கொண்டுபோய் மெல்லத் திருப்பிப் பாருங்கள். உள்ளே இருக்கும் ஃபெரைட் குச்சிக்குத் திசை உண்டு; கால் வட்டம் திருப்பினால் இரைச்சல் போய் ஆள் குரல் எழும்பி வரும்.

சிரியஸ்எக்ஸ்எம் சந்தா வாங்கலாமா என்றால், உங்கள் தேவைக்கு வேண்டாம் என்பேன். செயற்கைக்கோளிலிருந்து நேராகக் காருக்கு வருவதால் நாட்டின் ஒரு மூலையிலிருந்து மறு மூலைவரை விடாமல் கேட்கும். பல ஆட்டங்களுக்கு இரு அணிகளின் வர்ணனையும் கிடைக்கும். நீண்டதூரம் லாரி ஓட்டுபவர், அல்லது ஐயோவாவோடு வேறு நான்கு அணிகளையும் தொடர்பவர் வாங்கட்டும். இரண்டு மணி நேர ஐ-80க்கு அது ஆடம்பரம். பெரிய ஆட்டங்களுக்குத் தேசிய வர்ணனையும் தனியாக உண்டு: பிளேஆஃப் ஆட்டங்கள் இ.எஸ்.பி.என். ரேடியோவில், ஆர்மி – நேவி ஆட்டம் வெஸ்ட்வுட் ஒன்னில். நடுநிலையாகப் பேசுவார்கள். எனக்கு அதில் ருசி இல்லை. 1982இல் கலிஃபோர்னியா – ஸ்டான்ஃபோர்டு ஆட்டத்தின் கடைசி நொடியில் ஐந்து முறை பந்தைக் கைமாற்றி, மைதானத்துக்குள் புகுந்துவிட்ட ஸ்டான்ஃபோர்டு பேண்டு வாத்தியக்காரர்களுக்கு நடுவே ஓடிப்போய்க் கலிஃபோர்னியா ஜெயித்ததே, அதை இன்றும் உலகம் நினைப்பது கலிஃபோர்னியா அணியின் வானொலி வர்ணனையாளர் ஜோ ஸ்டார்க்கி தொண்டை கிழியக் கத்தியதைக் கொண்டுதான். நடுநிலையாளருக்கு அந்தத் தொண்டை வராது.

நீங்கள் கேட்காத ஒன்று, ஆனாலும் சொல்கிறேன். முதல் இரண்டு ஆட்டம் காதால் மட்டும் கேட்கும்போது ஒன்றும் புரியாதது போல் இருக்கும். டிவியில் மூலையில் ஸ்கோர் எழுதியிருக்கும், நாம் கவனிக்காமலே கவனிப்போம். வானொலியில் அந்த மூலையை நீங்களே மனதில் வரைந்துகொள்ள வேண்டும். ஒவ்வொரு கால்பகுதித் தொடக்கத்திலும் வர்ணனையாளர் ‘உங்கள் ரேடியோ டயலில் இடமிருந்து வலம்’ என்கிற மாதிரி எந்த அணி எந்தத் திசையில் போகிறது என்று சொல்வார். அதை விட்டுவிடாதீர்கள், அது பிடிபட்டால் மீதியெல்லாம் எண்கள்தான்: எத்தனையாவது டவுன் (பத்து யார்டு முன்னேறக் கிடைக்கும் நான்கு வாய்ப்புகளில் ஒன்று), இன்னும் எத்தனை யார்டு, பந்து எந்தக் கோட்டில். நல்ல வர்ணனையாளர் இந்த மூன்றையும் ஒவ்வொரு முறையும் பந்து நகர்வதற்கு முன் சொல்லிவிடுவார். இந்த விஷயத்தில் ஐயோவா ஆரம்பநிலைக் கேட்பவருக்குத் தோதான அணி என்பேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். தாக்குதல் ஆட்டம் நத்தை வேகத்தில் போகும், நான்காவது டவுனில் பன்ட் அடிப்பார்கள் (பந்தைத் தூரமாக உதைத்து எதிரணியிடம் கொடுத்துவிடுவது), மனதில் படம் வரைய நிறைய அவகாசம். 2023இல் டோரி டெய்லர் என்ற ஆஸ்திரேலியர் ஒரே சீசனில் 4,479 யார்டுக்குப் பந்தை உதைத்து, 1938இலிருந்து நின்ற தேசியச் சாதனையை முறியடித்தார். பன்டுக்குக் கூட்டம் எழுந்து கைதட்டும் ஊர் அது. வானொலியில் அந்த ஆரவாரத்தை முதலில் கேட்டபோது டச்டவுன் என்றே நினைத்தேன்.

முதல் கால்பகுதி முடிந்ததும் கின்னிக்கில் எழுபதாயிரம் பேர் திரும்பி நின்று, மைதானத்தைப் பார்த்தபடி இருக்கும் குழந்தைகள் மருத்துவமனையின் ஜன்னல்களுக்குக் கையசைக்கிறார்களே, 2017இல் தொடங்கியது, அது மட்டும் காதுக்கு எட்டாது. கையசைப்புக்குச் சத்தம் கிடையாது, கால்பகுதி முடிந்தால் விளம்பரமும் வந்துவிடும்.

கடைசியாக உங்கள் தம்பி. டபிள்யூ.எச்.ஓ. ஐஹார்ட் குழுமத்தைச் சேர்ந்தது; ஐஹார்ட் ஆப் அமெரிக்காவுக்கு வெளியே ஒருசில நாடுகளில்தான் திறக்கும், இந்தியா அதில் இல்லை. அவர் முதலில் வார்சிட்டி நெட்வொர்க்கையோ பல்கலைக்கழக இணையதளத்தையோ முயலட்டும்; அது ஒத்துவரவில்லை என்றால் பட்டியலில் உள்ள சின்ன ஊர் நிலையங்களின் சொந்த இணையதளங்களை. சின்ன நிலையங்கள் பல நேரம் நாட்டைப் பார்த்துக் கதவடைப்பதில்லை. டேட்டாவைப் பற்றிக் கவலை வேண்டாம்: 128 கிலோபிட் ஓடைக்கு மணிக்கு 58 எம்.பி. ஆகும், மூன்றரை மணி நேர ஆட்டத்துக்கு 200 எம்.பி. போல. நேரம்தான் கொஞ்சம் சிரமம். ஐயோவாவில் காலை 11 மணி ஆட்டம் திருச்சியில் சனி இரவு 9.30, மதியம் 2.30 ஆட்டம் ஞாயிறு அதிகாலை 1 மணி, மாலை 6.30 ஆட்டம் ஞாயிறு காலை 5 மணி. நவம்பர் முதல் ஞாயிறு இங்கே கடிகாரம் மாறியதும் ஒவ்வொன்றிலும் ஒரு மணி நேரம் கூட்டிக்கொள்ளச் சொல்லுங்கள். பதினொரு மணி ஆட்டங்களை மட்டும் அவருக்கு முன்கூட்டியே சொல்லி வையுங்கள். மற்றதற்கு எழுந்து உட்காரும் அளவுக்கு இன்னும் அவர் ஹாக்கைஸ் ரசிகர் ஆகியிருக்க மாட்டார்.